விலை உயர்ந்த பதிப்பும் விலையில்லாத கேள்வியும்

(பணியிடைப் பயிற்சி முகாமின் நிறைவு நாளில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



வகுப்பறையில் கணினி விளையாட்டைப் பயன்படுத்திய அனுபவத்தைப் பகிரும்படி என்னிடம் கேட்டார்கள். இங்கே பேசியவர்கள் பலரும் தங்கள் பள்ளியில் வெற்றி பெற்ற முயற்சிகளைச் சொன்னார்கள். நான் முதலில் சொல்லப்போவது நான் செய்த ஒரு தவறு. அந்தத் தவற்றுக்கு நான் என் சொந்தப் பணத்தைச் செலவழித்தேன் என்பது கூடுதல் வேடிக்கை.

எங்கள் பள்ளியில் அறிவியல் மன்றம் வெள்ளிக்கிழமை மாலையில் கூடும். ஒன்பதாம், பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் இருபது பேர் வருவார்கள். விமானம் எப்படிப் பறக்கிறது என்ற பாடத்தைக் கண்ணுக்கு முன்னால் காட்டலாமே என்று, மகனின் மடிக்கணினியில் மைக்ரோசாஃப்ட் ஃபிளைட் சிமுலேட்டர் விளையாட்டை ஏற்றிக்கொண்டு போனேன். புரொஜெக்டரை இணைத்தேன். சின்ன செஸ்னா விமானம் ஒன்று திரையில் ஓடி, மெல்ல எழும்பியது. பிள்ளைகள் கைதட்டினார்கள். எனக்கும் பெருமையாக இருந்தது.

அப்போது முன்வரிசையிலிருந்து ஒரு மாணவன் கேட்டான்: "சார், இது ஸ்டாண்டர்டு எடிஷன்தானே? இதுல 787 வராது சார். பிரீமியம் இல்லைன்னா வேஸ்ட்."

அவன் தவறான பையன் இல்லை. வெளிநாட்டில் வேலை செய்யும் அவனுடைய அப்பா அந்த உயர்விலைப் பதிப்பை வாங்கிக் கொடுத்திருந்தார். தனக்குத் தெரிந்ததைச் சொன்னான், அவ்வளவுதான். ஆனால் அந்த ஒரு சொல்லுக்குப் பிறகு மற்ற பிள்ளைகள் திரையைப் பார்த்த பார்வை மாறிவிட்டது. ஒரு நிமிடத்துக்கு முன்னால் கைதட்டிய அதே விமானம் இப்போது 'மட்டமான' விமானம் ஆகிவிட்டது.

அவன் சொன்னது என்ன என்பதை, இந்த விளையாட்டை அறியாத நண்பர்களுக்காகக் கொஞ்சம் விளக்குகிறேன்.

சிமுலேட்டர் என்பது உண்மையான விமானத்தை ஓட்டுவது போன்ற அனுபவத்தைக் கணினியில் தருவது. இதில் சுடுவதும் இல்லை, பந்தயமும் இல்லை. காற்று, எடை, வேகம், இறக்கையின் கோணம் ஆகியவற்றைக் கணக்கிட்டு, விமானம் என்ன செய்யுமோ அதைத் திரையில் காட்டும். மைக்ரோசாஃப்ட் நிறுவனம் இந்தத் தொடரின் முதல் விளையாட்டை 1982-இல் வெளியிட்டது. நான் பள்ளிக்குக் கொண்டுபோனது 2020 ஆகஸ்டில் வந்தது; பிரான்சின் போர்தோ நகரில் உள்ள அசோபோ என்ற நிறுவனம் உருவாக்கியது. செயற்கைக்கோள் படங்களையும் வரைபடத் தரவுகளையும் கொண்டு முழு உலகத்தையும் அதற்குள் வைத்திருக்கிறார்கள். 37,000-க்கும் மேற்பட்ட விமான நிலையங்கள் அதில் உண்டு. அவற்றில் பெரும்பாலானவை தரவுகளிலிருந்து கணினி தானே உருவாக்கியவை. சிலவற்றை மட்டும் கலைஞர்கள் கட்டடம் கட்டடமாகக் கையால் செய்திருக்கிறார்கள்.

இந்த விளையாட்டு மூன்று பதிப்புகளாக விற்பனைக்கு வந்தது. ஸ்டாண்டர்டு, டீலக்ஸ், பிரீமியம் டீலக்ஸ். விமானங்களின் எண்ணிக்கை 20, 25, 30. கையால் செய்த விமான நிலையங்கள் 30, 35, 40. அமெரிக்காவில் விலை ஏறக்குறைய 60, 90, 120 டாலர். கணித ஆசிரியர்கள் சிரிக்கிறீர்கள். மூன்றும் கூட்டுத் தொடர்வரிசை! பத்தாம் வகுப்பில் எடுத்துக்காட்டாகவே எழுதிப் போடலாம். 2024 நவம்பரில் வந்த அடுத்த விளையாட்டில் பதிப்புகள் நான்காகிவிட்டன. விமானங்கள் 70, 80, 95, 125. இது கூட்டுத் தொடர்வரிசை ஆகாது. ஏன் என்று பிள்ளைகளைக் கேட்கலாம்.

அந்த மாணவன் சொன்ன போயிங் 787, பிரீமியம் டீலக்ஸில் மட்டும் இருந்தது. லண்டனின் ஹீத்ரோ, துபாய், ஃபிராங்க்ஃபர்ட் போன்ற விமான நிலையங்களின் கையால் செய்த வடிவமும் அதில்தான்.

அன்று இரவு நான் என்ன செய்தேன் தெரியுமா? வீட்டுக்குப் போய், சாப்பிட்டுவிட்டு, வங்கி அட்டையை எடுத்து, உயர்பதிப்புக்கு மாறிக்கொண்டேன்.

ஏன் செய்தேன் என்று பிறகு பலமுறை யோசித்தேன். பிள்ளைகளுக்காக என்று சொல்லிக்கொள்ளலாம். அது பாதி உண்மை. மீதி, 'வேஸ்ட்' என்ற சொல் என்னைக் குத்தியது. ஐம்பது வயதை நெருங்கும் ஓர் ஆசிரியரைக் குத்திய சொல், பதினான்கு வயதுப் பிள்ளையை எப்படிக் குத்தியிருக்கும்?

உயர்விலைப் பதிப்பின் கவர்ச்சி எங்கே இருக்கிறது என்பதை என்னை வைத்தே பார்த்தேன். முதலாவது, முழுமை பற்றிய ஆசை. 20 விமானம் கையில் இருக்கும்போது அது நிறைவாகத்தான் இருக்கிறது. 30 இருக்கிறது என்று தெரிந்ததும், கையில் உள்ள 20 மறைந்து, இல்லாத 10 மட்டும் கண்ணில் நிற்கிறது. இரண்டாவது, பெயரின் கவர்ச்சி. செஸ்னாவை யாரும் ஊரில் பார்த்ததில்லை. 787-ஐச் செய்தியில் பார்த்திருக்கிறோம். உறவினர்கள் அதில் பயணம் செய்திருக்கிறார்கள். மூன்றாவது, விலைகளை வரிசையாக வைக்கும் முறை. 120 அருகில் இருக்கும்போது 90 சிக்கனமாகத் தெரிகிறது. 90 வரை போனவருக்கு 120 எட்டும் தூரம்தான். நான்காவதைச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது: அந்த விமானங்கள் உண்மையிலேயே நன்றாகச் செய்யப்பட்டவை. 787-இன் விமானி அறையில் உட்கார்ந்த முதல் நாள் நானும் பிள்ளையாகிவிட்டேன்.

அடுத்த வெள்ளிக்கிழமை ஹீத்ரோவைக் காட்டினேன். கரவொலி. இந்த விமானத்தை நன்றாக அறிந்தவன் அந்த மாணவன்தான். அதனால் அவனையே ஓட்டச் சொன்னேன். அவன்தான் கேப்டன். அடுத்த வாரமும் அவனே. மூன்றாவது வாரமும் அவனே. அவனுடைய நண்பர்கள் இருவர் அருகில். மற்றவர்கள் பின்னால் பெஞ்சில்.

மூன்றாவது வாரம் பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி எழுந்து கேட்டாள்: "சார், அந்த ரோட்டு மேல 27-ன்னு பெருசா எழுதியிருக்கே. அது என்ன சார்?"

ஹீத்ரோவின் ஓடுபாதையில் எழுதியிருந்த எண்ணைத்தான் கேட்டாள். கேப்டன் திரும்பிப் பார்த்தான். அவனுக்குத் தெரியவில்லை. 787-இன் எஞ்சினை எந்த வரிசையில் இயக்க வேண்டும் என்று மனப்பாடமாகச் சொல்வான். தினமும் இறங்கும் பாதையின் எண் என்ன சொல்கிறது என்று அவன் கேட்டுக்கொண்டதே இல்லை.

அந்த நேரத்தில்தான் எனக்கு உறைத்தது. மூன்று வாரமாக அந்தப் பெண் விசைப்பலகையைத் தொட்டதில்லை. அவளை நான் கூப்பிட்டதில்லை. யார் வீட்டில் என்ன பதிப்பு இருக்கிறதோ அந்த வரிசையில் என் மன்றம் உட்கார்ந்திருந்தது. உட்காரவைத்தவன் நான்.

அவள் கேள்விக்குப் பதில் எளிமையானது. காந்த வடக்கிலிருந்து கடிகாரச் சுற்றில் திசையை டிகிரியில் அளக்கிறோம். கிழக்கு 90, தெற்கு 180, மேற்கு 270. அந்த அளவைப் பத்தின் மடங்காக முழுமையாக்கி, கடைசிச் சுழியை நீக்கினால் ஓடுபாதையின் எண். 27 என்றால் அந்தப் பக்கமிருந்து இறங்கும் விமானம் மேற்கு நோக்கிப் போகிறது. மறுமுனையில் 09 என்று எழுதியிருக்கும். இரு முனைகளின் எண்களுக்கும் இடையே வேறுபாடு எப்போதும் 18, ஏனென்றால் எதிர்த்திசை 180 டிகிரி. ஹீத்ரோவில் இணையாக இரண்டு பாதைகள் இருப்பதால் இடது, வலது என்று ஓர் எழுத்தும் சேர்கிறது.

இதைச் சொல்லிவிட்டு, விளையாட்டில் மதுரை விமான நிலையத்தைத் திறந்தேன். கையால் செய்த கட்டடம் எதுவும் அங்கே இல்லை. ஆனால் ஓடுபாதை இருக்கிறது. அதன் எண் என்ன? 09, மறுமுனையில் 27. ஹீத்ரோவில் பார்த்த அதே எண்கள். திருச்சியிலும் அதேதான். சென்னையில் முதன்மைப் பாதை 07–25, இன்னொன்று 12–30. "கழிச்சுப் பாருங்க" என்றேன். பிள்ளைகள் கழித்தார்கள். 18, 18. இதற்கு 787 தேவைப்படவில்லை. 60 டாலர் பதிப்பில் மதுரை இருந்தது. சொல்லப்போனால் கணினியே தேவைப்படவில்லை. அடுத்த வாரம் ஆய்வகத்திலிருந்து காந்த ஊசியை எடுத்துப் போய், விளையாட்டுத் திடலின் ஓட்டப் பாதையை அளந்து, சுண்ணாம்புத் தூளால் அதற்கு எண் எழுதினோம். எழுதியவள் அந்த மாணவி.

நண்பர்களே, இதன் பிறகு எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. உயர்பதிப்பு உண்மையில் எதை உயர்த்துகிறது? பழைய பதிப்புகளைத் தேடிப் பார்த்தேன். ஒரு செய்தி கிடைத்தது. அதை உங்களிடம் சொல்லாமல் போகக்கூடாது.

செஸ்னா 172 என்ற நான்கு இருக்கை விமானம்தான் உலகிலேயே மிக அதிக எண்ணிக்கையில் தயாரிக்கப்பட்ட விமானம். விமானப் பயிற்சிப் பள்ளிகளில் இன்றும் ஓடுகிறது. இதன் முகப்புப் பலகை இரண்டு விதமாக வரும். ஒன்று, பழைய வட்ட முள் கருவிகள். மற்றொன்று, கார்மின் ஜி1000 என்ற புதிய மின்னணுத் திரை. 2006-இல் வந்த ஃபிளைட் சிமுலேட்டர் எக்ஸ் விளையாட்டில், வட்ட முள் கருவியுள்ள 172 சாதாரணப் பதிப்பில் இருந்தது. மின்னணுத் திரை வேண்டுமென்றால் டீலக்ஸ் வாங்க வேண்டும். 2020-இல் அப்படியே தலைகீழ். மின்னணுத் திரையுள்ள 172 சாதாரணப் பதிப்பில். பழைய வட்ட முள் வேண்டுமென்றால் டீலக்ஸ் வாங்க வேண்டும்!

பதினான்கு ஆண்டில் எது 'உயர்ந்தது' என்பது இடம் மாறிவிட்டது. விமானம் அதேதான். இறக்கை அதேதான். எது தனியே எடுத்து வைக்கப்படுகிறதோ, அது உயர்ந்ததாகத் தோன்றுகிறது. இதை அந்த மாணவனிடம் சொன்னபோது அவன் ரொம்ப நேரம் யோசித்துவிட்டு, "அப்ப எது சார் நல்லது?" என்று கேட்டான். "நீ எதைப் படிக்கணுமோ அதைப் பொறுத்து" என்றேன்.

இதனால் உயர்பதிப்பு எல்லாமே ஏமாற்று என்று நான் சொல்லவில்லை. அந்த 2006 டீலக்ஸில் வேறு இரண்டு பொருள்கள் இருந்தன. ஒன்று, புதிய விமானங்களையும் இடங்களையும் நாமே உருவாக்கிச் சேர்ப்பதற்கான மென்பொருள் கருவிகள். மற்றொன்று, இணையத்தில் பலர் சேர்ந்து விளையாடும்போது கட்டுப்பாட்டுக் கோபுரத்தில் உட்கார்ந்து மற்றவர்களின் விமானங்களை வழிநடத்தும் வசதி. கூடுதல் விமானங்கள் எண்ணிக்கையைத்தான் கூட்டுகின்றன. இவை இரண்டும் ஆட்டக்காரரின் வேலையையே மாற்றுகின்றன. முதலாவது அவரை உருவாக்குபவர் ஆக்குகிறது. இரண்டாவது அவரை மற்றவர்களுக்குப் பொறுப்பாளர் ஆக்குகிறது. பணம் கொடுத்து வாங்குவதாக இருந்தால், இப்படிப்பட்ட வேறுபாட்டுக்குக் கொடுக்கலாம்.

அந்தக் கோபுரத்தைத்தான் நான் மன்றத்துக்குக் கொண்டுவந்தேன், காசு இல்லாமல். ஒரு பெஞ்சைத் திரைக்கு முதுகு காட்டிப் போட்டோம். அதில் உட்காருபவர் கோபுரம். அவரிடம் வரைபடமும் பாகைமானியும் மட்டும். கணினி முன்னால் ஒருவர் விமானி. ஒருவர் உயரத்தையும் வேகத்தையும் உரக்கப் படிப்பார். ஒருவர் கரும்பலகையில் கணக்குப் போடுவார். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை எல்லோரும் இடம் மாற வேண்டும். யார் வீட்டில் எது இருக்கிறது என்பது இங்கே கணக்கில் வராது.

கணக்குக்கு என்ன வேலை என்று கேட்பீர்கள். பத்தாம் வகுப்பில் இறக்கக் கோணம் நடத்துகிறோம். கலங்கரை விளக்கத்தின் உச்சியிலிருந்து கப்பலைப் பார்த்துப் பார்த்து நமக்கே சலித்துவிட்டது. விமானங்கள் பொதுவாக 3 டிகிரி சரிவில் இறங்குகின்றன. tan என்று நாம் எழுதும் அந்த மதிப்பு 3 டிகிரிக்கு 0.0524. ஓடுபாதையின் தொடக்கத்திலிருந்து 10 கிலோமீட்டர் தொலைவில் விமானம் எந்த உயரத்தில் இருக்க வேண்டும்? 10,000 × 0.0524 = 524 மீட்டர். 5 கிலோமீட்டரில் 262 மீட்டர். கரும்பலகையில் வந்த விடையைக் கோபுரம் சொல்ல, விமானி அந்த உயரத்துக்கு வர வேண்டும். விடை தவறினால் விமானம் பாதைக்கு முன்பே வயலில் இறங்கும். வகுப்பே 'ஐயோ' என்னும். அந்த 'ஐயோ'வைப் பாடப்புத்தகக் கணக்கில் நான் கேட்டதில்லை. செஸ்னாவுக்கும் 787-க்கும் இந்தக் கணக்கு ஒன்றுதான்.

முதலில் 'வேஸ்ட்' என்று சொன்ன அந்த மாணவன் கோபுரத்தில் மிகச் சிறப்பாக வேலை செய்தான். திரையைப் பார்க்காமல், அடுத்தவர் சொல்வதைக் காதால் கேட்டு முடிவெடுப்பது அவனுக்குப் புதிது. முதல்நாள் திணறினான். பிறகு அந்த இடத்துக்காகக் காத்திருந்தான்.

இதிலிருந்து நான் கற்றுக்கொண்ட மூன்றை மட்டும் சொல்லி முடிக்கிறேன்.

ஒன்று, உயர்பதிப்பு விளையாட்டில் மட்டும் இல்லை. வழிகாட்டி நூலிலும், வடிவியல் பெட்டியிலும், கைப்பேசியிலும், தனிப்பயிற்சிச் செயலியிலும் இருக்கிறது. பிள்ளைகள் அதைப் பற்றிப் பேசும்போது, "அதெல்லாம் வேண்டாம்" என்று ஒதுக்க வேண்டாம். பட்டியலைக் கரும்பலகையில் எழுதச் சொல்லுங்கள். எது இரண்டிலும் பொது, எது கூடுதல், அந்தக் கூடுதல் எதற்கு உதவும் என்று பிரிக்கச் சொல்லுங்கள். என் பிள்ளைகள் பிரித்தபோது, உலகம் முழுவதும், வானிலை முழுவதும், பறத்தல் பாடங்களும் அடிப்படைப் பதிப்பிலேயே இருப்பதை அவர்களே கண்டுபிடித்தார்கள்.

இரண்டு, வீட்டில் இருக்கும் பொருள் வகுப்பில் இருக்கையைத் தீர்மானிக்க விடாதீர்கள். அது நமக்குத் தெரியாமலே நடக்கும். நன்றாகத் தெரிந்த பிள்ளையைக் கூப்பிடுவது நமக்கு எளிது. அந்த எளிமைக்காக நான் பின்வரிசையின் மூன்று வாரங்களை இழந்தேன்.

மூன்று, கணினி இல்லாத பள்ளியில் பணியாற்றும் தொடக்கப் பள்ளி நண்பர்களுக்கு. காந்த ஊசி ஒன்று போதும். பள்ளி வாசலுக்கு, வராந்தாவுக்கு, திடலுக்கு ஓடுபாதை எண் எழுதச் சொல்லுங்கள். ஐந்தாம் வகுப்புப் பிள்ளை காகித விமானத்தை 09-இல் ஏற்றி 27-இல் இறக்கட்டும். திசையும் கோணமும் கழித்தலும் ஒரே மாலையில் முடிந்துவிடும்.

கடைசியாக ஒன்று. திடலில் எண் எழுதிய அந்த மாணவி, சில வாரம் கழித்து மீண்டும் கேட்டாள்: "சார், காந்த வடக்கு நகர்ந்துக்கிட்டே இருக்கும்னு பாடத்துல இருக்கே. அப்ப ஓடுபாதை எண்ணும் மாறணும்ல?"

எனக்குப் பதில் தெரியவில்லை. "திங்கட்கிழமை சொல்றேம்மா" என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்த் தேடினேன். மாறுகிறது. லண்டனுக்கு அருகில் ஸ்டான்ஸ்டெட் விமான நிலையத்தில் 05–23 என்று இருந்த பாதையை 2009-இல் 04–22 என்று மாற்றி எழுதியிருக்கிறார்கள். பாதை நகரவில்லை; வடக்கு நகர்ந்துவிட்டது.

திங்கட்கிழமை காலை இறைவணக்கக் கூட்டத்தில் அவளையே அதைச் சொல்லவைத்தேன். முன்வரிசையில் நின்றுகொண்டிருந்த நம் பழைய கேப்டன்தான் முதலில் கைதட்டினான்.